சின்னத்திரையின் சின்ன ஆர்னால்டு

1993 பிப்ரவரி. கலிஃபோர்னியா நீதிமன்றம் ஒன்றில், 1989இல் தொடங்கிய பண வழக்குக்குத் தீர்ப்பு சொல்லப்பட்டது. வழக்குத் தொடுத்தவருக்கு வயது 25. உயரம் நாலடி எட்டு அங்குலம். எதிர்த்தரப்பில் இருந்தவர்கள், கைக்குழந்தையாக அவரைத் தத்தெடுத்து வளர்த்த அப்பாவும் அம்மாவும். கூடவே அவருடைய பழைய நிதி ஆலோசகர். தன் பெயரில் இருந்த டிரஸ்ட் பணத்தை இவர்கள் முறைகேடாகக் கையாண்டார்கள் என்பது அவருடைய குற்றச்சாட்டு. அவருக்கு 12 லட்சத்து 80 ஆயிரம் டாலர் கொடுக்க வேண்டும் என்றது நீதிமன்றம்.

வென்றவர் பெயர் கேரி கோல்மன். எண்பதுகளின் தொடக்கத்தில் அமெரிக்காவில் அவர் முகம் தெரியாத வீடு அபூர்வம். அந்தக் கன்னம் உப்பிய சிறுவனின் கதை, குழந்தை நட்சத்திரங்களின் வரலாற்றில் தனித்துப் பார்க்க வேண்டிய ஒன்று. ஒரு பிள்ளையின் உழைப்புக்கு யார் சொந்தக்காரர் என்ற கேள்வியை இவ்வளவு வெளிச்சத்தில் நிறுத்திய வாழ்க்கை வேறு எதுவும் இல்லை என்றே சொல்லலாம்.

இல்லினாய் மாநிலத்தில், மிச்சிகன் ஏரிக்கரையில் உள்ள சிறு நகரம் ஸயன். கேரி பிறந்தது அங்கே, 1968 பிப்ரவரி 8ஆம் தேதி. தத்தெடுத்த அம்மா நர்ஸ் வேலை பார்த்தவர். குழந்தைக்குப் பிறவியிலேயே சிறுநீரகக் கோளாறு இருந்தது. ஐந்து வயதில், 1973இல், முதல் சிறுநீரக மாற்று அறுவைச் சிகிச்சை. நோயும் அதற்குக் கொடுத்த ஸ்டீராய்டு மருந்துகளும் சேர்ந்து அவனுடைய வளர்ச்சியை நிறுத்திவிட்டன. அதன் பிறகு அவன் எத்தனை வயதானாலும் சிறுவனைப் போலவேதான் தெரிவான். தொலைக்காட்சிக்கு அது வசதியாகப் போயிற்று.

சிகாகோவில் ஒரு வங்கி விளம்பரத்தில் நடித்துக்கொண்டிருந்த அந்தப் பையன், தயாரிப்பாளர் நார்மன் லியர் நிறுவனத்தின் கண்ணில் பட்டான். அன்றைய அமெரிக்க நகைச்சுவைத் தொடர்களின் பேரரசு அது. ‘தி ஜெஃபர்சன்ஸ்’, ‘குட் டைம்ஸ்’ தொடர்களில் சின்னச் சின்ன வேடங்கள் கொடுத்துப் பார்த்தார்கள். அடுத்த வரியை எதிர்பார்த்துக் காத்திருக்கும் அந்தக் கண்களும், பெரியவர்களுக்கே கைவராத நேரக் கணக்கும் பார்த்தவர்களை அசர வைத்தன. அவனை நடுவில் வைத்தே ஒரு தொடரை எடுப்பது என்று முடிவாயிற்று.

1978 நவம்பர் 3ஆம் தேதி என்பிசி தொலைக்காட்சியில் ‘டிஃபரன்ட் ஸ்ட்ரோக்ஸ்’ தொடங்கியது. ஹார்லெம் பகுதியைச் சேர்ந்த இரண்டு கறுப்பினச் சிறுவர்கள், ஆர்னால்டும் வில்லிஸும். அவர்களுடைய அம்மா ஒரு வெள்ளைக்காரக் கோடீஸ்வரர் வீட்டில் வேலை பார்த்தவர். அம்மா இறந்துபோக, அந்தக் கோடீஸ்வரர் பிள்ளைகளைத் தன் பார்க் அவென்யூ வீட்டுக்கு அழைத்துவந்து வளர்க்கிறார். கோடீஸ்வரராக கான்ராட் பெய்ன், அவர் மகளாக டேனா பிளேட்டோ, அண்ணன் வில்லிஸாக டாட் பிரிட்ஜஸ், தம்பி ஆர்னால்டாக கேரி.

அன்று அமெரிக்காவின் மூன்று பெரிய தொலைக்காட்சி நிறுவனங்களில் என்பிசிக்குக் கடைசி இடம். அதைத் தாங்கிப் பிடித்த நிகழ்ச்சிகளில் இதுவும் ஒன்று. அண்ணன் ஏதாவது சொன்னதும் முகத்தைச் சுளித்து, கண்ணை இடுக்கி, ‘என்ன சொல்றே வில்லிஸ்?’ என்று ஆர்னால்டு கேட்பான். அந்த ஒரு வரியைப் பள்ளிப் பிள்ளைகள் முதல் அலுவலகத்துக்காரர்கள் வரை எல்லோரும் சொல்லித் திரிந்தார்கள். 1979இல் குத்துச்சண்டை வீரர் முகமது அலி அவராகவே வந்து ஓர் அத்தியாயத்தில் நடித்தார். 1983 மார்ச்சில் அதிபரின் மனைவி நான்சி ரீகன், போதைப்பொருளுக்கு எதிரான தன் பிரசாரத்தை இந்தத் தொடரின் வழியாகக் கொண்டுசென்றார். அதற்கு முந்தைய மாதம், சிறுவர்களை வசப்படுத்தும் பாலியல் குற்றவாளியைப் பற்றிய இரண்டு பகுதி அத்தியாயம் ஒளிபரப்பானது. பெற்றோர் பிள்ளைகளிடம் பேசத் தயங்கிய விஷயத்தை அது வரவேற்பறைக்கே கொண்டுவந்தது.

உச்சத்தில் இருந்தபோது கேரியின் சம்பளம் அத்தியாயம் ஒன்றுக்கு ஒரு லட்சம் டாலர் என்று பத்திரிகைகள் எழுதின. ‘ஆன் தி ரைட் டிராக்’, ‘ஜிம்மி தி கிட்’ போன்ற திரைப்படங்களும் வந்தன. 1982இல் அவன் பெயரிலேயே ஒரு கார்ட்டூன் தொடரும் ஓடியது. இத்தனைக்கும் நடுவில் உடம்பு ஒத்துழைக்க மறுத்தது. முதலில் பொருத்திய சிறுநீரகம் செயலிழந்தது. 1984இல் இரண்டாவது மாற்று அறுவைச் சிகிச்சை நடந்தது, அதுவும் நிலைக்கவில்லை. வாழ்நாள் முழுவதும் டயாலிசிஸ் அவரைத் தொடர்ந்தது. வாரம் தவறாமல் நாட்டைச் சிரிக்க வைத்த பிள்ளை, நோயாளியாகவே படப்பிடிப்புக்கு வந்துபோனான் என்பதைப் பார்வையாளர்களில் மிகச் சிலரே யோசித்திருப்பார்கள்.

எட்டு ஆண்டுகள் ஓடி, கடைசி ஆண்டு ஏபிசி தொலைக்காட்சிக்கு மாறி, 1986இல் தொடர் நின்றது. கேரிக்கு அப்போது 18 வயது. ஆனால் மக்கள் மனதில் அவர் ஆர்னால்டாகவே உறைந்துவிட்டார். வயது வந்த மனிதராக அவரை வைத்து ஒரு வேடம் எழுத யாரும் முன்வரவில்லை. தெருவில் பார்ப்பவர்கள் எல்லாம் அந்த ‘வில்லிஸ்’ வரியைச் சொல்லச் சொன்னார்கள். கேட்டுக் கேட்டு அந்த வரியையே அவர் வெறுத்தார்.

இந்த நிலையில்தான் வழக்கு. தன் பணத்தின் கணக்கை அவர் கேட்டபோது, பெற்றோர், ஆலோசகர்கள், வக்கீல்கள், வரி எல்லாம் போகத் தனக்கென மிஞ்சியிருந்தது ஏறத்தாழ கால் பங்குதான் என்று தெரிந்தது.

இப்படி நடக்க முடிந்தது எப்படி? 1938இல் ஜாக்கி கூகன் என்ற நடிகர் இதே காரணத்துக்காகத் தன் அம்மா மீதும் மாற்றாந்தந்தை மீதும் வழக்குப் போட்டார். சார்லி சாப்ளினுடன் 1921இல் ‘தி கிட்’ படத்தில் நடித்து உலகப் புகழ்பெற்ற சிறுவன் அவர். லட்சக்கணக்கில் சம்பாதித்தவருக்குக் கடைசியில் கிடைத்தது சுமார் 1 லட்சத்து 26 ஆயிரம் டாலர். குழந்தையின் வருமானம் பெற்றோருக்கே சொந்தம் என்பதுதான் அன்றைய சட்டம். அந்த வழக்கு கிளப்பிய கோபத்தில் 1939இல் கலிஃபோர்னியா, ‘கூகன் சட்டம்’ என்று அழைக்கப்படும் சட்டத்தைக் கொண்டுவந்தது. நீதிமன்ற ஒப்புதலுக்கு வரும் ஒப்பந்தங்களில், குழந்தையின் வருமானத்தில் ஒரு பகுதியை ஒதுக்கிவைக்கும்படி நீதிபதி உத்தரவிடலாம் என்றது அது. நீதிமன்றத்துக்கே கொண்டுவரப்படாத ஒப்பந்தங்களுக்கு எந்தப் பாதுகாப்பும் இல்லை. குழந்தையின் வருமானம் பெற்றோருடையது என்ற அடிப்படையும் மாறவில்லை. அறுபது ஆண்டுகள் அந்த ஓட்டையை அடைக்காமலே விட்டிருந்தார்கள்.

வழக்கில் வென்ற பணம் கேரியைக் கரை சேர்க்கவில்லை. சிகிச்சைச் செலவு, வக்கீல் செலவு, வருமானம் இல்லாத ஆண்டுகள். சிறு வயது முதலே ரயில் என்றால் அவருக்கு உயிர். மாதிரி ரயில்கள் விற்கும் கடைகளில் பகுதிநேரமாக வேலை பார்த்தார். பிறகு செக்யூரிட்டி காவலர் ஆனார். 1998இல் ஒரு கடையில் ஆட்டோகிராஃப் கேட்ட பெண்ணுடன் வாய்த்தகராறு முற்றி, அவரை அடித்ததற்காக நீதிமன்றம் போனார். அடித்தது தவறு, அதற்கான தண்டனையும் கிடைத்தது. ஆனால் தொலைக்காட்சிகளும் பத்திரிகைகளும் அந்தச் சம்பவத்தை நாடு தழுவிய வேடிக்கையாக்கிய விதம் அதைவிடக் கொடுமை. நோயோடு போராடி நேர்மையான வேலை பார்த்துப் பிழைத்த ஒரு மனிதர், அந்த வேலை பார்த்ததற்காகவே கேலி செய்யப்பட்டார்.

1999ஆம் ஆண்டு இந்தக் கதையில் முக்கியமானது. மே மாதம், தொடரில் அக்காவாக நடித்த டேனா பிளேட்டோ அளவுக்கு மீறிய மருந்தால் 34 வயதில் இறந்தார். ஆகஸ்டில் கேரி கோல்மன் திவால் மனு கொடுத்தார். பழியை அவர் ஒருவர் தலையில் மட்டும் போடவில்லை. பெற்றோர், கணக்காளர்கள், ஏஜென்டுகள், வக்கீல்கள் என்று வரிசையாகச் சொல்லி, தன்னையும் அந்த வரிசையில் சேர்த்துக்கொண்டார். அதே ஆண்டு கலிஃபோர்னியா கூகன் சட்டத்தைத் திருத்தியது. 2000 ஜனவரி 1 முதல், குழந்தை நடிகரின் வருமானம் குழந்தைக்கே சொந்தம். மொத்தச் சம்பளத்தில் 15 சதவீதத்தைத் தயாரிப்பாளரே நேராகக் குழந்தையின் டிரஸ்ட் கணக்கில் கட்ட வேண்டும். 18 வயது வரை அதில் யாரும் கைவைக்க முடியாது.

2003இல் கலிஃபோர்னியா ஆளுநரைத் திரும்ப அழைக்கும் தேர்தல் வந்தபோது, ஒரு வார இதழ் கட்டணம் கட்டி கேரியை வேட்பாளராக்கியது. அர்னால்டு ஸ்வார்ஸ்நேகர் வென்ற அந்தத் தேர்தலில் 135 பேர் களத்தில் இருந்தார்கள். கேரி 14,242 வாக்குகள் வாங்கி எட்டாவதாக வந்தார்.

பிறகு யூட்டா மாநிலத்தில் குடியேறினார். 2010 மே 26ஆம் தேதி வீட்டில் விழுந்து தலையில் அடிபட்டார். மூளையில் ரத்தக் கசிவு. இரண்டு நாள் கழித்து, மே 28ஆம் தேதி, ப்ரோவோ நகர மருத்துவமனையில் உயிர் பிரிந்தது. வயது 42. தொடரின் தொடக்கத்தில் நடித்த அந்த மூன்று பிள்ளைகளில் இன்று இருப்பவர் டாட் பிரிட்ஜஸ் மட்டுமே. போதையிலும் வழக்குகளிலும் சிக்கி மீண்ட அவர், தன் கதையைப் புத்தகமாக எழுதியிருக்கிறார்.

கேரி கோல்மன் பொறுப்பில்லாமல் பணத்தைத் தொலைத்தவர் என்று இன்றும் எழுதுகிறார்கள். அது நியாயமில்லை. பணம் கரைந்த ஆண்டுகளில் அவர் செக்கில் கையெழுத்துப் போடும் வயதிலேயே இல்லை. காப்பாற்ற வேண்டிய சட்டம் வந்து சேர்ந்தபோது அவருக்கு 31 வயது முடிந்திருந்தது.

அந்தச் சட்டத் திருத்தம் தானாக வந்துவிடவில்லை. அதற்காக ஆண்டுக்கணக்கில் குரல் கொடுத்தவர்களில் முன்னணியில் நின்றவரும் ஒரு முன்னாள் குழந்தை நட்சத்திரம்தான். ‘தி டோனா ரீட் ஷோ’வில் மகனாக நடித்த பால் பீட்டர்சன், 1990இல் இதற்கென்றே ஓர் அமைப்பைத் தொடங்கினார். அவரைப் பற்றி அடுத்த வாரம்.

(தொடரும்)