செப்பேட்டில் இல்லாத இசை: கட்டற்ற செவிப்பயிற்சி மென்பொருளின் வரலாற்றுப் பின்புலம்

திருமலைக் கோயிலின் சங்கீர்த்தன பண்டாரத்தில் கிடைத்த செப்பேடுகள் தாளப்பாக்கம் அன்னமாச்சாரியாரின் (1408–1503) பாடல்களை இன்றுவரை காத்து வந்துள்ளன. பாடல்தோறும் இராகப் பெயர் உண்டு, சுரக்குறிப்பு இல்லை. இருபதாம் நூற்றாண்டில் அவை அச்சேறியபோது சொற்கள் மீண்டன, மெட்டுகள் மீளவில்லை. இராள்ளபள்ளி அனந்தகிருஷ்ண சர்மா முதலியோர் பல பாடல்களுக்குப் புதிதாக இசையமைக்க நேர்ந்தது. செவிவழிப் பயிற்சி அறுந்தால் இழக்கப்படுவது எது என்பதற்கு, குப்பத்தை உள்ளடக்கிய இவ்வட்டாரம் தரும் சான்று இது.

செவியறிவை எழுத்தில் வடிக்கும் முயற்சி தமிழுக்குப் புதிதன்று. குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என்னும் ஏழு நரம்புகளுக்கிடையிலான தொடர்புகளைப் பண்டை இசையிலக்கணம் இணை, கிளை, பகை, நட்பு என உறவுப் பெயர்களால் வகைப்படுத்தியது. இன்றைய செவிப்பயிற்சியில் சுர இடைவெளியை அறியும் பாடம் இதன் நேர் உறவு. 1904இல் எட்டயபுரத்தில் தெலுங்கு எழுத்தில் வெளிவந்த சுப்பராம தீட்சிதரின் ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’ கமகங்களுக்கும் தனிக்குறிகள் வகுத்தது. 1917இல் தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் ‘கருணாமிர்த சாகர’த்தில் 22 சுருதிக் கொள்கையை மறுத்து, 24 என்று வாதிட்டார். சுரத்தின் அளவு எது என்பது அன்றே விவாதப்பொருள்.

கணினி இவ்விவாதத்தை ஓசையின்றி முடித்துவைத்தது. 1983இல் உருவான மிடி நெறிமுறை சுரங்களுக்கு 0 முதல் 127 வரை எண்களை அளித்தது. அவ்வெண்கள் இயல்பாக ஒலிப்பது, ஸ்தாயியைப் பன்னிரு சம பாகங்களாக்கிய மேற்கத்திய விசைப்பலகையின் சுரங்களையே. ஸ்தாயி 1200 சென்ட் எனில், அதில் அந்தர காந்தாரம் 400 சென்ட்டில் நிற்கும். தம்புராவின் மந்தர சட்ஜத் தந்தியில் தானாக எழும் காந்தாரமோ 5/4 விகிதத்தில் ஏறத்தாழ 386 சென்ட். பதினான்கு சென்ட் வேறுபாட்டைப் பயின்ற செவி உணரும். பயிலத் தொடங்கும் செவி கேட்பதையே சரியென்று பழகிக்கொள்ளும்.

அதே 1983இல் ரிச்சர்ட் ஸ்டால்மன் குனு திட்டத்தை அறிவித்தார். அத்திட்டத்தின் செவிப்பயிற்சி மென்பொருள், டாம் காட்டோ அமுண்ட்சென் பைத்தான் மொழியில் எழுதிய ‘குனு சோல்ஃபெஜ்’. இடைவெளி அறிதல், பாடிப் பார்த்தல், தாளம் கேட்டெழுதல் ஆகிய பயிற்சிகள் இதில் உள்ளன. டெபியன் போன்ற லினக்ஸ் வெளியீடுகளின் களஞ்சியத்திலிருந்து இதை நிறுவுவது எளிது. அடுத்து, ஒலியமைப்பில் டிமிடிட்டி போன்றதொரு மிடி இசைப்பானைத் தெரிவுசெய்து, ஒலி வருகிறதா என்று சோதித்தல் வேண்டும். பலர் இத்துடன் நிறுத்திவிடுகின்றனர். கருநாடக இசை மாணவருக்கு உண்மையான அமைப்புப்பணி இதன்பின்னரே தொடங்குகிறது.

காரணம், இதன் பாடங்கள் எவரும் திறந்து திருத்தக்கூடிய எளிய உரைக்கோப்புகள். ‘சிசவுண்ட்’ என்னும் ஒலித்தொகுப்பு மொழியையும் உடன் நிறுவினால், மிடியின் பன்னிரு படிகளுக்குக் கட்டுப்படாத அதிர்வெண்களையும் வினாவாக்கலாம். 386, 400 ஆகிய இரு காந்தாரங்களையும் அடுத்தடுத்து ஒலிக்கச்செய்து வேறுபாட்டைக் கேட்கலாம். பதிவுசெய்த ஒலிக்கோப்புகளையும் பாடத்தில் இணைக்க வழியுண்டு. தோடியின் காந்தாரம் ஒரு புள்ளியில் நிற்பதன்று, அசைவிலேயே அது உருப்பெறுகிறது; எந்த எண்ணும் அதைத் தனியே சுட்டிவிடாது. ஆனால் ஆசிரியர் பாடிய ஒரு பிடியைப் பதிந்து, ‘இது எந்த இராகம்?’ என்று கேட்கும் பாடத்தை ஒரு மாணவரே எழுதிவிட முடியும்.

இங்குதான் இலவச மென்பொருளும் கட்டற்ற மென்பொருளும் வேறுபடுகின்றன. முன்னது விலையை மட்டும் நீக்குகிறது. எது சரியான சுரம் என்ற முடிவு உருவாக்கியவரிடமே இருக்கிறது. பின்னது அம்முடிவையும் பயனரிடம் ஒப்படைக்கிறது. தமிழும் தெலுங்கும் கன்னடமும் சந்திக்கும் குப்பத்தில் 1997இல் தொடங்கப்பட்ட திராவிடப் பல்கலைக்கழகம் போன்ற நிறுவனங்களுக்கு இது பொருத்தமான பணி. மும்மொழிக்கும் பொதுவான இவ்விசைமரபின் பிடிகளை இன்று பாடுவோரின் குரலில் பதிந்து, பாடக்கோப்புகளாக்கிப் பொதுவில் வைத்தல் வேண்டும். செப்பேடுகள் இராகத்தின் பெயரோடு நின்றன; இக்கோப்புகளில் அதன் ஒலியும் சேர்ந்து நிற்கும்.