தொட்டித் தண்ணீரிலிருந்து இதயக் குழாய்க்கு

ஒலியை மிஞ்சிப் பறக்கும் விமானத்தின் மீது மழைத்துளி மோதினால் உலோகமே பழுதாகும். அது ஏன் என்று ஆராய்ந்த ஜெர்மனியின் டோர்னியர் நிறுவனப் பொறியாளர்களுக்குப் பிடிபட்டதுதான் அதிர்வலை. தசையை அதிகம் பாதிக்காமல் கடந்து, கெட்டியானதை மட்டும் நொறுக்கும் அதன் குணம் மருத்துவர்களை இழுத்தது. 1980 பிப்ரவரி 7 அன்று மியூனிக்கில் மருத்துவர் கிறிஸ்டியன் சௌசியின் குழு, கத்தி வைக்காமல் ஒரு நோயாளியின் சிறுநீரகக் கல்லை உடைத்தது. நோயாளியைத் தொட்டித் தண்ணீரில் இறக்கி, நீருக்கடியில் மின்பொறி தெறிக்கவிட்டு, அலையைக் கல்லின்மேல் குவித்தார்கள்.

அந்த அலை இதயக் குழாய்க்குள் வந்துசேர முப்பது ஆண்டுகளுக்கு மேலாயிற்று. வயது கூடும்போதும், சர்க்கரை நோய், சிறுநீரகக் கோளாறு இருந்தாலும் இதயக் குழாய்ச் சுவரில் கால்சியம் எலும்புபோல் இறுகிவிடுகிறது. அங்கே குழாயைத் திறந்து வைத்திருக்க நுழைக்கும் வலைக்குழலான ஸ்டென்ட் முழுதாக விரியாது. அரைகுறையாக விரிந்த ஸ்டென்டில் ரத்தம் உறையலாம், அடைப்பு திரும்பலாம். பலூனை அழுத்தி ஊதினால் குழாய் கிழியும் அபாயம். வைரத்துகள் பதித்த சுழல்முனை உள்பக்கத்தைச் சுரண்டும். சுவரின் ஆழத்தில் இருப்பதை எட்டாது.

2009-இல் கலிபோர்னியாவில் தொடங்கிய ஷாக்வேவ் மெடிக்கல், மின்பொறியையே குழாய்க்குள் அனுப்பியது. இந்தப் பயணத்தில் என்னை மிகவும் வியக்கவைப்பது இதுதான்: ஒரு தொட்டித் தண்ணீர் செய்த வேலையை 12 மில்லிமீட்டர் பலூனுக்குள் இருக்கும் சில துளித் திரவம் செய்கிறது.

மணிக்கட்டிலோ தொடையிலோ நுழைந்த கம்பி வழியே பலூன் அடைப்பை அடையும். உப்புநீரும் எக்ஸ்ரேயில் தெரியும் மருந்தும் கலந்து, 4 வளிமண்டல அழுத்தத்துக்கு மட்டும் மெல்ல ஊதுவார்கள். பொத்தானை அழுத்தினால் நொடிக்கு ஒரு பொறி. ஒவ்வொரு பொறியிலும் திரவம் கொதித்துக் குமிழாகி அடங்க, கண நேரத்துக்குச் சுமார் 50 வளிமண்டல அழுத்தமுள்ள அலை சுவரில் பாய்கிறது. பத்துப் பொறி முடிந்ததும் ரத்தம் ஓட வழிவிட்டுப் பலூனைச் சுருக்குவார்கள், பிறகு மறுபடியும். கால்சியத்தில் விரிசல் விழ விழ, திரையில் இடுப்புபோல் ஒடுங்கியிருந்த பலூன் நேராகிறது. அதன்பிறகுதான் ஸ்டென்ட்.

இந்த முறையை இதயக் குழாய்களில் பயன்படுத்த அமெரிக்கா 2021 பிப்ரவரியில் அனுமதி தந்தது. 2024-இல் ஜான்சன் அண்ட் ஜான்சன் ஷாக்வேவ் நிறுவனத்தையே வாங்கிவிட்டது. ஆனாலும் சுழல்முனைக்கு இன்னும் வேலை இருக்கிறது: பலூன் நுழையவே முடியாத அளவு குறுகிய அடைப்பில், முதலில் அதுதான் வழி உண்டாக்க வேண்டும்.