கமதாரி புஜிவாரா

கமதாரி புஜிவாரா (ஜனவரி 15, 1905 – டிசம்பர் 21, 1985) ஜப்பானியத் திரைப்பட நடிகர். அகிரா குரோசாவாவின் படங்களில் விவசாயி, எழுத்தர், சமையற்காரர் போன்ற எளிய மனிதர்களாக நடித்த துணைநடிகர்களில் முதன்மையானவர்.

பெயரும் தடையும்

கமதாரி புஜிவாரா என்பது அவருடைய மேடைப்பெயர். ஏழாம் நூற்றாண்டில் வாழ்ந்த புஜிவாரா நோ கமதாரி, ஜப்பானின் புகழ்பெற்ற புஜிவாரா குலத்தின் நிறுவனர். அரசியல்வாதியான அவருடைய பெயரில் 'அரிவாள்' என்னும் பொருளுள்ள எழுத்து வரும். நடிகர் அதே ஒலியுடைய, 'பானை' என்று பொருள்படும் எழுத்தைப் பயன்படுத்தினார். உச்சரிப்பில் மேன்மக்கள் பெயர், எழுத்தில் அடுக்களைப் பாத்திரம் என்பதே அதிலிருந்த நகைச்சுவை.

போர்க்கால அரசு இதை ரசிக்கவில்லை. வரலாற்றுப் பெரியவரை அவமதிக்கும் பெயர் என உள்துறை அமைச்சகம் 1940-ல் ஆட்சேபித்தது. அவர் கெய்தா புஜிவாரா என்று பெயரை மாற்றிக்கொண்டார். புதிய பெயரில் இருந்தது 'கோழி'யைக் குறிக்கும் எழுத்து. குரோசாவா உதவி இயக்குநராகப் பணியாற்றிய 'உமா' (1941) படத்தில் அவர் இப்பெயரிலேயே நடித்தார். போர் முடிந்தபின் பழைய பெயருக்குத் திரும்பினார்.

திரை வாழ்க்கை

1930-களில் பி.சி.எல். நிறுவனத்தின் படங்களில் நகைச்சுவை நடிகராக அறியப்பட்டார். அந்நிறுவனமே பின்னர் தோஹோ ஆயிற்று. போருக்குப்பின் அவருக்கு அமைந்த முக்கிய வேடங்கள் பெரும்பாலும் அச்சத்தால் ஆளப்படும் மனிதர்கள்.

'இகிரு' (1952) படத்தில், இறந்த அதிகாரியின் வழியைப் பின்பற்றுவதாகத் துக்க வீட்டில் சூளுரைத்துவிட்டு, அவருடைய பதவியில் அமர்ந்ததும் பழைய வழக்கத்துக்கே திரும்பும் அலுவலர் ஓனோ அவர். 'செவன் சாமுராய்' (1954) படத்தின் விவசாயி மன்சோ, கிராமத்தைக் காக்க வரும் சாமுராய்களுக்கே அஞ்சித் தன் மகளின் கூந்தலை வெட்டி ஆண்வேடமிடுகிறான். கொள்ளையரை மட்டுமல்லாமல் காவலரையும் அஞ்சவேண்டிய ஏழையின் நிலை அக்காட்சியில் வெளிப்படுகிறது.

'தி லோயர் டெப்த்ஸ்' (1957) படத்தில் குடிநோயாளியான முன்னாள் நடிகராகவும், 'தி பேட் ஸ்லீப் வெல்' (1960) படத்தில் தன் இறுதிச்சடங்கைத் தானே மறைந்திருந்து பார்க்கும் அதிகாரியாகவும் நடித்தார். 'ரெட் பியர்ட்' (1965) படத்தில் அவருடைய பாத்திரம் வசனமின்றிப் படுக்கையில் உயிர்விடும் முதியவர். இளம் மருத்துவர் மரணத்தை நேருக்கு நேர் காண்பது அந்த முகத்தில்தான்.

வெளிநாட்டுத் தாக்கம்

'தி ஹிடன் ஃபோர்ட்ரஸ்' (1958) படத்தில் புஜிவாராவும் மினோரு சியாகியும் பேராசை பிடித்த இரு விவசாயிகளாக நடித்தனர். இளவரசியின் கதை இவ்விருவர் பார்வையில் சொல்லப்படுகிறது. அந்த உத்தியைத் தம் 'ஸ்டார் வார்ஸ்' (1977) படத்தில் பின்பற்றியதாக ஜார்ஜ் லூகாஸ் கூறியிருக்கிறார். அதில் விவசாயிகளின் இடத்தில் இரண்டு இயந்திரங்கள் வருகின்றன. ஆர்தர் பென் இயக்கிய அமெரிக்கப் படமான 'மிக்கி ஒன்' (1965)-லும் புஜிவாரா பேசாத கலைஞராக நடித்தார்.

மதிப்பீடு

சாமுராய் படங்களில் வீரம் நாயகர்களுக்கு உரியது. அந்த வீரம் யாருக்காக, அதன் விலையை யார் கொடுக்கிறார்கள் என்பதைக் காட்டியவை புஜிவாரா ஏற்றது போன்ற துணைவேடங்கள். அவருடைய விவசாயிகள் பொய் சொல்பவர்கள், பேராசை கொண்டவர்கள், கோழைகள். ஆயினும் அவர்கள் ஏன் அப்படி ஆனார்கள் என்பதைப் பார்வையாளர் புரிந்துகொள்ளும்படி நடித்ததே அவருடைய பங்களிப்பு. குரோசாவாவின் 'ககெமுஷா' (1980) வரை அவர் இப்பணியைத் தொடர்ந்தார்.