கிணற்றிலிருந்து எழுந்த குரல்

லிங்கராஜபுரத்துத் தமிழரான நாம் பெரும்பாலும் பிழைப்புத் தேடி ஊர் விட்டவர் மரபினர். விரட்டப்பட்டவர் வரலாறு வேறு. அவருள்ளும் பெண்டிர் வரலாறு தனி.

1947-இல் பஞ்சாப் பிளவுண்டபோது இருபுறமும் பெண்கள் கவர்ந்து செல்லப்பட்டனர். அவர்களை மீட்க இந்தியாவில் 1949-இல் சட்டம் பிறந்தது. ‘கடத்தப்பட்டவர்’ யார் என்பதற்கு அது வகுத்த இலக்கணத்தைக் கேளுங்கள்: ஆணாயின் 16 வயதுக்கு உட்பட்டவர், பெண்ணாயின் எவ்வயதினரும்! மூதாட்டியும் சிறுவனுக்கு நிகரானாள். போக மறுத்தவளையும் எல்லை கடத்தி அனுப்ப அதில் இடமிருந்தது. மீட்கப்பட்டோர் ஏறத்தாழ 30,000 என்பது அரசாங்கக் கணக்கு. அவர்கள் சொன்னது என்ன?

அதனைத் தேடிப் புறப்பட்டோருள் ஊர்வசி புட்டாலியா, ரிது மேனன், கமலா பாசின் ஆகியோர் குறிப்பிடத்தக்கவர். 1984-இல் தில்லியில் சீக்கியர்மீது நிகழ்ந்த கொடுமையின்போது முதியோர் பிரிவினையை நினைவுகூர்ந்தனர். அதுவே புட்டாலியாவை இவ்வாய்வில் செலுத்திற்று. வீட்டு ஆடவர் உடனிருக்கையில் பெண்கள் மனந்திறந்து பேசுதல் அரிதாயிருந்தது. தனித்திருந்து, பொறுமையாய்க் கேட்கவேண்டியிருந்தது. நூல்கள் வெளிவந்ததோ 1998-இல்.

இராவல்பிண்டி மாவட்டத்துத் தோவா கால்சாவில் 1947 மார்ச்சில் மானங்காக்கப் பல பெண்கள் கிணற்றில் குதித்தனர். ஊரார் அதனைத் தியாகமெனப் போற்றினர். புட்டாலியாவின் நூலில் ஒருத்தி பேசுகிறாள். அவளும் குதித்தவளே. கிணறு உடல்களால் நிரம்பியிருந்தமையால் அவள் மூழ்கவில்லை.