டிவியில் பொய்ச் செய்தி வந்தால் யாரிடம் புகார் கொடுப்பது?

நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் 2020 ஜூன் 14 அன்று இறந்தார். அவருடைய கடைசி ட்வீட்கள் என்று சிலவற்றை 'ஆஜ் தக்' இந்தி சேனல் காட்டியது. அவை போலி. ஒருவர் புகார் கொடுத்தார். அக்டோபரில் சேனலுக்கு 1 லட்சம் ரூபாய் அபராதம். திரையிலேயே மன்னிப்பு கேட்கவும் உத்தரவு வந்தது.

இந்த உத்தரவைப் போட்டது கோர்ட்டோ அரசோ இல்லை. செய்தி சேனல்கள் 2008-ல் தங்களுக்காகவே அமைத்துக்கொண்ட என்பிஎஸ்ஏ. இன்றைய பெயர் என்பிடிஎஸ்ஏ.

அப்போது அது போடக்கூடிய அதிகபட்ச அபராதமே அந்த 1 லட்சமாகத்தான் இருந்தது. பெரிய சேனலுக்கு இதெல்லாம் ஒரு காசா? 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமும் இதையே கேட்டது: அந்த நிகழ்ச்சியில் சேனல் சம்பாதித்ததைப் பொறுத்து அபராதம் இருக்க வேண்டாமா என்று. இன்னொரு ஓட்டையும் உண்டு. உறுப்பினராக இருக்கும் சேனல்களை மட்டுமே அதனால் விசாரிக்க முடியும். ரிபப்ளிக் உள்ளிட்ட சில சேனல்கள் 2019-ல் தனி கூட்டமைப்பே தொடங்கிவிட்டன.

பேப்பரில் வந்த செய்தி என்றால் பிரஸ் கவுன்சில். இது 1978 சட்டப்படி இயங்குகிறது, ஆசிரியரை நேரில் வரவழைக்கலாம். ஆனால் எச்சரிக்கலாம், கண்டிக்கலாம், அவ்வளவுதான். அபராதம் கிடையாது.

அப்போ அரசே நேரடியாகத் தண்டித்தால் என்ன? இங்கேதான் சிக்கல். பத்திரிகைகள் கேள்வி கேட்க வேண்டியதே அரசைத்தானே. டிஜிட்டல் செய்தித் தளங்கள் மத்திய அரசின் கண்காணிப்பில் வரும்படி 2021-ல் ஐடி விதிகள் வந்தன. அதன் முக்கியமான பகுதிகளுக்கு மும்பை உயர் நீதிமன்றம் அதே ஆகஸ்டில் தடை போட்டது. அந்தத் தடை நாடு முழுக்கப் பொருந்தும் என்று அடுத்த மாதமே சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது.

ஆக, பல் குறைவுதான். ஆனாலும் ஆஜ் தக் விஷயத்தில் மன்னிப்பு வந்தது ஒரு தனிநபர் உட்கார்ந்து எழுதிய புகாரால். அதனால் வழிமுறை தெரிந்திருப்பது நல்லது.

டிவி என்றால், ஒளிபரப்பான 7 நாளுக்குள் முதலில் சேனலுக்கே எழுத வேண்டும். நிறைய பேர் கோட்டைவிடுவது இந்தக் கெடுவைத்தான். பதில் சரியில்லை என்றால் அடுத்த 14 நாளுக்குள் என்பிடிஎஸ்ஏ. நாளிதழ் என்றால் ஆசிரியருக்கு எழுதிவிட்டு, செய்தி வெளியான 2 மாதத்துக்குள் பிரஸ் கவுன்சிலுக்குப் போகலாம். விஷயம் ஏற்கெனவே கோர்ட்டில் இருந்தால் கவுன்சில் தொடாது.

புகார் எழுதுவதற்கு முன்னால் ஒரு வேலை: நிகழ்ச்சியின் பெயர், தேதி, நேரம் குறித்துக்கொண்டு வீடியோவைச் சேமித்துவிடுங்கள். சர்ச்சை கிளம்பினால் முதலில் காணாமல் போவது அந்த லிங்க்தான்.