இளையராஜா: ராகமும் மேற்கத்தியச் செவ்வியலும் சந்தித்த இசை

போர்ட் பிளேயர் என அறியப்பட்டு, 2024-ல் ஸ்ரீ விஜயபுரம் எனப் பெயர் மாற்றப்பட்ட நகரின் அபர்டீன் பஜாருக்கு அருகே, கடலைப் பார்த்து நிற்கிறது செல்லுலார் சிறை. 1906-ல் கட்டி முடிக்கப்பட்ட அதன் 693 தனிக்கொட்டடிகள் எத்தகையவை என்பதைத் தமிழ் ரசிகர்களில் பலர் முதலில் உணர்ந்தது திரையரங்கில்தான். பிரியதர்ஷன் இயக்கி 1996-ல் வெளிவந்த 'காலாபானி' என்ற மலையாளப் படம், தமிழில் 'சிறைச்சாலை' ஆயிற்று. இசை இளையராஜா. நாயகன் தீவில் அடைபட்டிருக்க, ஊரில் அவனுக்காகக் காத்திருக்கிறாள் மனைவி. அந்தப் பிரிவின் கதையில் இடம்பெற்ற 'செம்பூவே பூவே' இன்றும் விரும்பிக் கேட்கப்படுகிறது.

1943-ல் பண்ணைபுரத்தில் பிறந்த இளையராஜா, அண்ணன் பாவலர் வரதராஜனின் குழுவில் ஊர் ஊராகச் சென்று மேடை ஏறியவர். சென்னைக்கு வந்த பின்னர் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை பயின்றார். லண்டன் டிரினிட்டி இசைக் கல்லூரியின் கிதார் தேர்விலும் தேறினார். 1976-ல் வெளியான 'அன்னக்கிளி' முதல் படம்.

கர்நாடக இசை, ஒற்றை இசை வரியை ராக இலக்கணத்துக்குள் வளர்ப்பது. மேற்கத்தியச் செவ்வியல் இசையோ ஒரே நேரத்தில் பல வரிகளை அடுக்கிச் செல்வது. இரண்டையும் இணைப்பதில் ஓர் இடர் உண்டு. அடுக்கப்படும் சுரம் ராகத்துக்கு அந்நியமானால் ராகத்தின் முகம் மாறிவிடும். ராகத்தை மட்டுமே காத்து நின்றால் அடுக்கு மெலிந்துவிடும். மெட்டுக்குப் பின்னால் சில வயலின்களைச் சேர்த்து அதைக் கலப்பிசை என்பவர்கள் இந்த இடரைச் சந்திப்பதே இல்லை.

இளையராஜா அதைத் திரைப்பாடல்களிலேயே நேர்கொண்டார். 1978-ல் வெளியான 'சிட்டுக்குருவி' படத்தின் 'என் கண்மணி' பாடலில் இரு வேறு இசை வரிகள் ஒரே நேரத்தில் ஒலிக்கின்றன. பாக் போன்றோர் கையாண்ட கவுன்டர்பாயின்ட் என்னும் உத்தி அது. பாடலில் அது பேருந்துப் பயணத்தின் கலகலப்பாகவே கேட்கிறது. எதிர்த்திசைச் சோதனையும் உண்டு. 'சிந்து பைரவி' படத்தின் 'கலைவாணியே' பாடல், கல்யாணி ராகத்தின் ஆரோகண சுரங்களை மட்டும் கொண்டு அமைந்தது. 1985-ல் வெளியான அப்படம் அவருக்குத் தேசிய விருதைப் பெற்றுத் தந்தது.

திரைக்கு வெளியே 1986-ல் வந்த 'ஹவ் டு நேம் இட்?' தொகுப்பைத் தியாகராஜருக்கும் பாக்குக்கும் காணிக்கையாக்கினார். 2005-ல் மாணிக்கவாசகரின் திருவாசகம், புடாபெஸ்ட் சிம்பொனி இசைக்குழுவின் பங்களிப்புடன் ஒரடோரியோ வடிவில் வெளியானது. 2018-ல் பத்ம விபூஷண் விருதும், 2022-ல் மாநிலங்களவை நியமன உறுப்பினர் பதவியும் வந்தன.

சிம்பொனிதான் நீண்ட காலம் காத்திருக்க நேர்ந்தது. 1993-ல் லண்டனில் ராயல் பில்ஹார்மோனிக் இசைக்குழுவுடன் அவர் உருவாக்கிய சிம்பொனி வெளியாகாமலே நின்றுபோனது. 2025 மார்ச் 8 அன்று, தம் 81-ஆம் வயதில், 'வேலியன்ட்' என்னும் சிம்பொனியை அதே லண்டனில் அரங்கேற்றினார். அன்று மேடையில் இருந்தது ராயல் பில்ஹார்மோனிக் கான்சர்ட் இசைக்குழு.