உத்திரமேரூரார் கேட்ட கணக்கு

நேர்மை என்றதும் தமிழர்களாகிய நம் நினைவுக்கு முதலில் வருவோர் மன்னர்களே. கன்றிழந்த பசுவுக்காக மகனைத் தேர்க்காலில் இட்ட சோழனையும், தவறான தீர்ப்பு அளித்ததை உணர்ந்த கணமே உயிர் துறந்த பாண்டியனையும் மேடைதோறும் போற்றுகிறோம். போற்றுதற்குரியோர் அவர்கள் என்பதில் ஐயமில்லை. ஆயினும் தலைநகரில் கோப்புகளுக்கிடையே வாழ்நாளைக் கழிக்கும் நம் போன்றோர்க்கு அக்கதைகள் சற்றுத் தொலைவிலேயே நிற்கின்றன. நமக்குத் தேரும் இல்லை, செங்கோலும் இல்லை. நம் கையில் இருப்பவை ஒரு பதிவேடும் ஒரு பேனாவுமே. பதிவேடு எழுதுவோரின் நேர்மையைப் பற்றி நம் முன்னோர் என்ன நினைத்தனர்? இவ்வினாவுக்கு விடை தருவது காப்பியம் அன்று. காஞ்சிபுரம் மாவட்டத்தில் உத்திரமேரூர் வைகுந்தப் பெருமாள் கோயிலின் கற்சுவர்.

அச்சுவரில் முதற் பராந்தக சோழனின் பன்னிரண்டாம் ஆட்சியாண்டிலும் பதினான்காம் ஆட்சியாண்டிலும், அதாவது கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளில், பொறிக்கப்பெற்ற இரு சாசனங்கள் உள்ளன. 1898ஆம் ஆண்டில் கல்வெட்டுத் துறையினர் இவற்றைப் படியெடுத்தனர். அறிஞர் வெங்கையா ஆராய்ந்து வெளியிட்டார். இவை ஊர்ச்சபையின் வாரியங்களுக்கு ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் முறையைக் கூறுகின்றன. குடவோலை என்ற சொல் நம் பள்ளிப் பிள்ளைகளும் அறிந்ததே. ஊர் முப்பது குடும்புகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. தகுதியுடையோர் பெயர்கள் ஓலையில் எழுதப்பட்டுக் குடத்தில் இடப்படும். சிறுவர் முதல் முதியோர் வரை கூடிய சபையில், கோயில் நம்பிமாருள் மூத்தவர் எழுந்து நின்று அக்குடத்தை யாவரும் காணத் தூக்கிப் பிடிப்பார். உள்ளே இருப்பது இன்னதென்று அறியாத ஒரு பிள்ளை ஓலையை எடுப்பான். அதைப் பெற்றுக்கொள்ளும் மத்தியஸ்தன் ஐந்து விரலும் விரித்த உள்ளங்கையில் வாங்கி, உரக்கப் படிக்க வேண்டும். பின்னர் அங்கிருக்கும் நம்பிமார் அனைவரும் அதே ஓலையைப் படிக்க வேண்டும்.

விரித்த உள்ளங்கை என்னும் அச்சிறு செய்தியில் நம் மனம் நீண்ட நேரம் நின்றதுண்டு. மத்தியஸ்தன் நல்லவனாகவே இருந்திருக்கலாம். எனினும் அவன் நல்லவன் என்பதை ஊர் வெறுமனே நம்பிவிடவில்லை. அவன் விரல்களைப் பார்த்தது. இதை அவமதிப்பாக அவன் கருதினான் என்று கொள்ள இடமில்லை. கை விரிந்திருந்தால் பழியும் அவனை அணுகாது அன்றோ?

குடம், ஓலை ஆகியவற்றின் அழகைப் பலரும் எழுதியுள்ளனர். குடத்துள் எவர் பெயர் புகலாகாது என்னும் பகுதியே நமக்கு மிகவும் உரியது. 919இன் சாசனம், வாரியப் பணி முடித்து விலகியோரின் நெருங்கிய உறவினர் பெயரை ஏற்பதில்லை. நெருங்கிய உறவு என்பது எது? அலுவலக விதிகளைக் கையாண்டவர் எவரும் இவ்விடத்தில் முறுவலிப்பர். விதியில் ஒரு சொல் தளர்ந்திருப்பின் அதன் வழியே ஒரு மாட்டு வண்டியே புகுந்து செல்லும். உத்திரமேரூரிலும் அத்தகைய வழக்கு எழுந்திருக்க வேண்டும் என்பது நம் ஊகம். ஏனெனில் இரண்டே ஆண்டுகளில், 921இல், புதிய சாசனம் பிறந்தது. முப்பது முதல் அறுபது வரை என்றிருந்த வயது வரம்பு, முப்பத்தைந்து முதல் எழுபது வரை என மாறியது. உறவும் ஒவ்வொன்றாக எண்ணி எழுதப்பட்டது.

வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் பெயர் எழுதப்படலாகாது. அவனுடைய தாயின் தமக்கை தங்கையர் மக்கள், அத்தை மக்கள், மாமன் மக்கள், தாயுடன் பிறந்தவன், தந்தையுடன் பிறந்தவன், உடன்பிறந்தவன், மாமனார், மனைவியின் உடன்பிறந்தவன், உடன்பிறந்தாளை மணந்தவன், அவள் மக்கள், மருமகன், தந்தை, மகன் ஆகியோர் பெயரும் எழுதப்படலாகாது. ஒருவன் கணக்கை மறைத்தால் ஒரு திருமண வீட்டின் பந்தியே குடத்துக்கு வெளியே நிற்கும்! குற்றமற்ற மைத்துனனைத் தண்டிப்பது நீதியா என்று இன்றைய சட்டம் கேட்கும், கேட்பதும் முறையே. ஆனால் அவ்வூரார் மனித இயல்பை அறிந்திருந்தனர். ஊர்ப் பணத்தை எடுப்பவன் தனக்காக மட்டும் எடுப்பதில்லை; உறவுக்காக எடுக்கிறான்; உறவின் வாயால் தப்பிக்கிறான். கணக்குக் காட்டு என்று அவனை முதலில் நெருக்க வேண்டியவர்கள் அவன் வீட்டாரே என்று அச்சுவர் கருதியது போலும்.

இங்கு நம் சொந்தச் செய்தி ஒன்றைச் சொல்லலாம். நாம் கொள்முதல் பிரிவில் எழுத்தராக இருந்த காலத்தில், இந்நகரிலேயே எழுதுபொருள் வாணிகம் செய்துவந்த அத்தை மகன் ஒரு மாலை வீட்டுக்கு வந்தார். முத்திரையிட்ட விலைப்புள்ளிகளில் பிறர் குறித்த விலை என்னவென்று அறிய விரும்பினார். “ஊர்விட்டு ஊர் வந்த இடத்தில் நமக்கு நாமே உதவாவிட்டால் யார் உதவுவார்கள்?” என்றார். மறுத்தோம். அடுத்த இரு பொங்கலுக்கும் அத்தை நம் வீட்டுப் படி ஏறவில்லை. அயல் மாநிலத்தில் வாழும் குடும்பத்துக்கு உறவின் வருகையே ஊர் என்பதை இம்மலரைப் படிக்கும் தாய்மார்க்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

1962இல் மத்திய அரசு, ஊழல் தடுப்பு வழிகளை ஆராயத் தமிழரான கே. சந்தானம் தலைமையில் ஒரு குழுவை அமைத்தது. 1964இல் மத்திய விழிப்புப் பணி ஆணையம் பிறந்தது. அதே ஆண்டின் நடத்தை விதிகள் நம் போன்ற ஊழியர்க்கு முழு நேர்மையைக் கடமையாக்குகின்றன. அவ்விதிகளில் குடும்பம் என்பதற்கு மனைவி அல்லது கணவன், சார்ந்துள்ள மக்கள், ஊழியரையே முழுவதும் சார்ந்து வாழும் பிற உறவினர் என்பதே விளக்கம். தனி வாணிகம் செய்யும் அத்தை மகன் அவ்விளக்கத்துள் வாரார். ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய கல்லில் அவருக்கு ஓர் இடம் இருக்கிறது.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். உத்திரமேரூர் அந்தணர்க்குத் தரப்பட்ட பிரமதேய ஊர். குடத்தில் பெயர் புக, வரி செலுத்தும் கால் வேலிக்கு மேற்பட்ட நிலமும், சொந்த மனையில் வீடும், வேதக் கல்வியும் வேண்டும். கல்வி மிக்கவர்க்கு நில அளவு சற்றுக் குறையலாம், அவ்வளவே. நிலத்தை உழுதவர் பெயரோ பெண்கள் பெயரோ அவ்வோலைகளில் இல்லை. இன்றைய மக்களாட்சியை அன்றே கண்டோம் என்று மேடையில் முழங்குவது, நேர்மையைப் பற்றிய பேச்சிலேயே நேர்மை தவறுவதாகும். சிலருக்கே உரிய ஆட்சி அது. அச்சிலர் தம்மைத் தாமே எவ்வளவு கடுமையாகக் கட்டிக்கொண்டனர் என்பதே நாம் கற்கத்தக்கது.

கட்டிக்கொள்ளக் காரணமும் இருந்தது. வாரியங்களில் ஒன்று ஏரி வாரியம். ஊரின் பேரேரியான வைரமேக தடாகம் பல்லவர் காலத்தது. அதில் தூர் எடுப்பதற்காகப் பலர் பொன் அளித்துள்ளனர். அதன் வட்டியைக் கொண்டு ஆண்டுதோறும் வண்டல் அகற்றப்பட வேண்டும். அப்பொன்னில் ஒருவர் கை வைத்தால் அன்றே எவருக்கும் தெரியாது. வண்டல் ஓர் அங்குலம் உயரும். மழை பொய்த்த ஆண்டில்தான் கடைமடை வயல் அதனைச் சொல்லும். ஆகவே வாரியத்தார்க்கு 360 நாளே காலம். இடையில் குற்றம் கண்டால் அப்போதே நீக்கம். பெரும் பாவங்கள் செய்து பிராயச்சித்தத்தால் தூயரானவர்க்கும் வாழ்நாள் முழுதும் குடத்தில் இடமில்லை. கடவுள் மன்னித்திருக்கலாம், ஏரி நீர் வேறு செய்தி.

இனி, கணக்கனைப் பற்றிய விதி. பொருளில் தூய்மையுடைய மத்தியஸ்தனே ஊர்க் கணக்கை எழுத வேண்டும். தன் காலத்துக் கணக்கைப் பெருமக்களுக்குக் காட்டித் தூயவன் எனப்பட்ட பின்னரே மீண்டும் கணக்கெழுதப் புகலாம். அவன் எழுதிய கணக்கை அவனே காட்ட வேண்டும். மற்றொரு கணக்கன் புகுந்து அதனை முடித்துவைக்கலாகாது. கணக்கை முடித்தலுக்கு அக்கல்லிலுள்ள சொல் ஒடுக்குதல் என்பது.

சில ஆண்டுகளுக்கு முன் விடுமுறையில் ஊருக்குச் சென்றபோது குடும்பத்துடன் உத்திரமேரூர் போயிருந்தோம். தில்லியில் படிக்கும் மகளுக்கு அச்சுவரின் எழுத்துப் புரியவில்லை; உண்மையைச் சொன்னால் நமக்கும் புரியவில்லை. கையில் அச்சுப் பாடம் இருந்தது. வரி வரியாகப் படித்துப் பொருள் சொன்னோம். அத்தை மக்கள் என்ற இடம் வந்ததும் அவள் சிரித்தாள். அந்தக் கதை அவளுக்குத் தெரியும். தன் தந்தை வென்ற கதை அது.

கணக்கனைப் பற்றிய விதி வந்தபோது நாம் அதைப் படிக்காமல் அடுத்த வரிக்குச் சென்றுவிட்டோம். பணியில் சேர்ந்த சில ஆண்டுகளில் ஒரு பண்டகப் பிரிவின் பொறுப்பு நமக்கு வந்தது. முன்பு அதை நடத்தியவர் மாறுதலில் போய்விட்டார். இருப்புப் பதிவேட்டில் இருந்த மூன்று மேசை விசிறிகளும் ஒரு தட்டச்சுப் பொறியும் அறையில் இல்லை. “அவர் குடும்பஸ்தர், நீங்களே சரிசெய்துவிடுங்கள்” என்று மேலிருந்து சொன்னார்கள். பழுதுற்றுக் கழிக்கப்பட்டவை என்று நம் கையெழுத்தில் எழுதி, கீழே ஒப்பமும் இட்டோம். நாம் ஒரு காசும் தொடவில்லை. ஆனால் மற்றொருவர் எழுதிய கணக்கை நாம் புகுந்து ஒடுக்கினோம். அத்தை மகனுக்கு மறுத்த அதே கைதான்.

அன்று மகளுக்குப் படிக்காமல் விட்ட பகுதியை இங்கே எழுதியிருக்கிறோம். சங்கத்து மலர் வீட்டுக்கு வந்ததும் முதலில் பிரிப்பவள் அவளே.